சொல்லிவிட்டுப் பூட்டியவர்

மூங்கில்துறைப்பட்டில் கரும்பு வெட்டு முடிந்துவிட்டது. வேறு வேலை தேடி நடந்துகொண்டிருந்தவன், மழை பிடிக்கவே கள்ளக்குறிச்சி பஸ்ஸில் ஏறினேன். முன் சீட்டில் ஓர் அக்காவும் தங்கையும் பேசிக்கொண்டு வந்தார்கள்.

"அந்தக் காவக்காரர ஒரு தபா பாக்கணும்போல இருக்குக்கா."

"இன்னாடி பேசற? செங்கல் சூளைல ராத்திரியானா உங்கள உள்ள வச்சிப் பூட்டினானே, அவனயா? போலீசு பூட்ட ஒடச்சில்ல உன்ன இட்டுக்கினு வந்தாங்க!"

"அவரு மட்டுந்தான் 'பூட்டறேம்மா'ன்னு சொல்லிட்டுப் பூட்டுவாரு."

"பெரிய மரியாத! 'தொறந்து வுடறேம்மா'ன்னு ஒருநாளாவது சொன்னானா?"

தங்கை ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

"இப்ப நம்ம வூட்ல நானேதான் கதவ சாத்திக்கறேன். தூக்கம் வரமாட்டேங்குது. அந்தக் கொரலு கேக்குமான்னு காத்துக்கினே கெடக்கறேன்."

"அவனே இப்ப ஜெயில்ல கெடக்கறான்."

"தெரியும். அங்க அவருகிட்ட யாராவது சொல்லிட்டுப் பூட்டுவாங்களாக்கா?"

அக்கா அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். 

மறுநாள் காலை சின்னசேலத்தில் ஒரு ஜவ்வரிசி மில்லில் வேலை கேட்டேன். வாட்ச்மேன் வேலை இருக்கிறது என்று சாவிக்கொத்தை நீட்டினார்கள். அதை வாங்காமல் மூட்டை தூக்கச் சேர்ந்தேன்.