மூத்தார் கேட்ட கறி

— கதவைச் சாத்துங்க, பனி உள்ள வருது. காலைக் கழுவினீங்களா?

— கழுவிட்டேன். நீ இன்னும் வெட்டி முடிக்கலையா, தரு?

— ராத்திரியெல்லாம் தேயிலை ஃபாக்டரி கேட்டைக் காத்துட்டு வர்ற மனுஷர், வந்து பூசணி வெட்டித் தர்றேன்னு சொன்னார். அவருக்காகத்தான் உக்காந்திருக்கேன்.

— கொண்டா.

— இவ்வளவு பெருசாவா? இது உங்க அண்ணனுக்குக் கறி, ஜுனு அப்பா. மாட்டுக்குத் தீவனம் இல்ல.

— பூசணி கரைஞ்சிடும். பெருசாத்தான் வெட்டணும்.

— அடேயப்பா... சரி, கத்திரிக்காயைத் தொடாதீங்க. அது கடைசி. முள்ளங்கியும் வாழைத்தண்டும் முதல்ல வேகட்டும்.

— எண்ணெய் புகையுது.

— புகையட்டும். கடுகெண்ணெயில பச்சை வாடை இருந்தா உங்க அண்ணன் தட்டைத் தள்ளிடுவார்.

— ஆஸ்பத்திரிக் கட்டில்ல கிடக்கிறவருக்குத் தள்ளத் தெம்பு ஏது...

— என்ன ஒரு மாதிரி பேசுறீங்க? தாளிக்கிற அந்த அஞ்சு விதை டப்பாவை எடுங்க. ம்... அவரே வாய் விட்டுக் கேட்டாராமே. தம்பி பொண்டாட்டி எல்லாக் காயும் போட்டு வைக்கிற லாப்ராக் கறி வேணும்னு.

— ஜுனுகிட்டதான் சொல்லி அனுப்பினார். என்கிட்ட இல்ல.

— உங்ககிட்ட எப்படிக் கேப்பார்? ஒத்தைப் பாக்கு மரத்துக்காக நடுவுல வேலி போட்டு, பேச்சையும் நிறுத்திக்கிட்டீங்க ரெண்டு பேரும்.

— மரம் என் பக்கம்தான் இருந்தது.

— இப்பவும் அதே பேச்சா?

— ...இல்ல. சும்மா சொன்னேன்.

— நான் அவர் முன்னாடி முக்காட்டை எடுத்ததில்ல. ஒரு வார்த்தை பேசினதில்ல. மூத்தார் நிழலைக்கூட மிதிக்காதேன்னு சொல்லித்தான் உங்கம்மா என்னை வீட்டுக்குள்ளயே விட்டாங்க. என் முகம் அவருக்குத் தெரியாது. என் கறி தெரியும்.

— உப்புப் போட்டியா?

— போட்டேன். பேச்சை மாத்தாதீங்க. நேத்தே போய்ப் பாருங்கன்னேன்.

— ஷிப்ட் மாத்திவிட ஆள் கிடைக்கல.

— ஆள் கிடைக்கலையா, மனசு வரலையா?

— ...மனசு வரல. போதுமா?

— போதும். கண்ணைத் தொடைங்க.

— எண்ணெய்ப் புகை.

— ஆமா. எனக்கும்தான்.

— தரு, முதல்ல நீ சாப்பிடு. சர்க்கரை மாத்திரை போட்டிருக்க. வெறும் வயித்தோட நிக்காத.

— நீங்க உக்காருங்க. சோறு சூடா இருக்கு.

— நான் அப்புறம்...

— அப்புறம் எல்லாம் கிடையாது.

— நீ ஒரு வாய் தின்னாத்தான் நான் தின்பேன்.

— என்ன புதுசா? கல்யாணமான புதுசுலகூட இப்படிக் கெஞ்சினதில்ல.

— சொன்னா கேளு.

— சரி, சரி... தின்னுட்டேன். பாருங்க, முழுங்கியும் ஆச்சு. இப்ப நீங்க. சோத்தைச் சும்மா பிசையாதீங்க, வாயில போடுங்க.

— நீ எதுக்கு இப்பத் தூக்குல அள்ளிப் போடுற?

— டவுன் பஸ் வந்துடும்ல. ஆறுறதுக்குள்ள கொண்டு போங்க.

— தூக்கு வேண்டாம்.

— ஏன்?

— வேண்டாம், தரு. நீ இன்னும் ரெண்டு வாய் தின்னு. அப்புறம் சொல்றேன்.

— ...உங்களுக்கு எப்பத் தெரியும்?

— என்னது?

— ஜுனு அப்பா...

— ...ஃபாக்டரி கேட்டுல நிக்கும்போதே. அண்ணியே போன் பண்ணினாங்க. இத்தனை வருஷத்துல முதல் தடவையா. வெறும் வயித்தோட கேட்டா நீ மயங்கி விழுந்துடுவ. கொஞ்சம் சாப்பிடட்டும், சொல்லலாம்னு... உனக்கு?

— ஆஸ்பத்திரியில பெரியப்பா பக்கத்துல இருந்த ஜுனு விடியறதுக்கு முன்னாடியே போன்ல சொல்லிட்டா. சாவுச் சேதி காதுல விழுந்தா அடுப்பை அணைக்கணும். நான் கேட்டப்புறந்தான் மூட்டினேன். பாவம்னா என் தலையில இருக்கட்டும். அவருக்குப் பிள்ளை இல்ல, கொள்ளி நீங்கதான் வைக்கணும். சிதை எரிஞ்சு அடங்குற வரைக்கும் பச்சைத் தண்ணி கிடையாது. அதுக்கப்புறம் காரியம் முடியற வரைக்கும் எண்ணெயும் மஞ்சளும் காட்டாத சோறு. ராத்திரி முழுக்க நின்ன காலு வேற... நான் இன்னும் எதுவும் சொல்லல, நீங்களும் எதுவும் கேக்கல. சாப்பிடுங்க.