ஏரிமேல் எடுத்த கடைசிக் காட்சி

உங்கள் காவல் நிலையத்துக் காப்பி அருமையாக இருக்கிறது, இன்ஸ்பெக்டர் அம்மா. போலீஸ் காப்பி கழுநீர் மாதிரி இருக்கும் என்று என் மூன்றாவது படத்தில் காட்டியிருந்தேன். விசாரிக்காமல் எடுத்த காட்சி, மன்னித்துக்கொள்ளுங்கள்.

இல்போ ஹக்கரைனென் என்றொரு இயக்குநர் பின்லாந்தில் இருப்பது உங்களுக்குத் தெரியாமல் போனதில் எனக்கு வருத்தமில்லை. யாருக்குமே தெரியாது. பதினோரு படம் எடுத்தேன். பேய்ப் படம், குழந்தைகள் படம், மாடுகளே நடித்த காதல் படம், எதையும் விட்டுவைக்கவில்லை. எழுத்து, கேமரா, ஒலி, படத்தொகுப்பு எல்லாம் நானே. சமையலும் நானே என்பதால் நடிகர்கள் பாதியிலேயே ஓடிப்போவார்கள். கடைசியில் நடிகர்களே வேண்டாம் என்று ஆவணப்படத்துக்கு மாறினேன்.

எவெர்ட்டி என்ற பெரியவர், என் வீட்டை ஒட்டிய ஏரிக்கு அக்கரையில் தனியாக இருந்தவர். எண்பத்திரண்டு வயது. இன்னும் மூன்று மாதம்தான் என்று மருத்துவர் கைவிரித்தபோது, அவருடைய கடைசி நாட்களைப் படமாக்கட்டுமா என்று கேட்டேன். சிரித்துக்கொண்டே சரி என்றார். மூன்று வருடம் கழித்தும் மனிதர் குண்டுக்கல் மாதிரி இருந்தார். உறைந்த ஏரியைத் தினமும் சறுக்கு வண்டியில் தாண்டி வந்து, என் ஏலக்காய் ரொட்டியைக் காப்பியில் நனைத்துத் தின்றுவிட்டுப் போவார்.

இதற்கிடையில் ஒரு பெரிய திரைப்பட விழாவிலிருந்து கடிதம் வந்தது. இந்தப் படத்தை முடிவோடு ஏப்ரலுக்குள் அனுப்பினால் திரையிடுவார்களாம். ஐம்பத்தேழு வயதில் முதல் தடவையாக ஒருவர் என் படத்தைக் கேட்கிறார். அன்றைக்கு உட்கார்ந்து அழுதேன், அதையும் எழுதிக்கொள்ளுங்கள்.

எவெர்ட்டியிடம் எதையும் மறைக்கவில்லை. கடிதத்தைப் படித்தே காட்டினேன்.

“அதுக்கென்ன, பொணமா நடிச்சுட்டாப் போச்சு. கூலியா ரெண்டு ரொட்டி சேத்துக் குடு,” என்றார்.

“ஆவணப்படத்துல பொய் கூடாது, பெரியவரே.”

“அப்ப நீ காத்துக்கிட்டுதான் கெடக்கணும், தம்பி. எனக்கு ஒண்ணும் அவசரமில்ல.”

ஓடை வந்து சேரும் இடத்தில் ஏரி சரியாக உறையாது. அதைச் சுற்றிப் போவதற்காக டிசம்பரிலேயே ஊசியிலைக் கிளைகளை வரிசையாக நட்டு வழி காட்டிவிடுவோம். அதன்பிறகு யாரும் காலடியைப் பார்ப்பதில்லை, கிளைகளை நம்பியே போவோம். அந்த வரிசை என் கேமராவில் ஓரமாக ஒட்டிக்கொண்டு அசிங்கமாகத் தெரிந்தது. போன செவ்வாய்க்கிழமை காலையில் பத்துக் கிளைகளைப் பிடுங்கி, இருபது மீட்டர் தள்ளி ஓடைப் பக்கமாக நட்டேன். காட்சி பிரமாதமாக அமைந்துவிட்டது. கலை இயக்கமும் நான்தானே.

பதினொன்றரைக்கு வந்தார். கிளைகளை ஒட்டியே வந்தார். நல்ல வெளிச்சம். நாலு நிமிடத்தில் எல்லாம் முடிந்தது, கேமரா துளிகூட ஆடவில்லை. நடுவில் அவர், “இல்போ, கயித்தப் போடுடா,” என்று கூப்பிட்டது பதிவாகியிருக்கிறது. கயிறு என் காலடியில்தான் கிடந்தது.

படத்தொகுப்பில் அந்தக் குரலை எடுத்துவிட்டேன். நடப்பது நடக்கும்போது இயக்குநர் குறுக்கே போகக் கூடாது. அந்த விதியை மட்டும் நான் ஒரு நாளும் மீறியதில்லை.