போதும்பொண்ணு பெற்ற பெண்

வேங்கிக்காலிலிருந்து வந்த டவுன் பஸ்ஸில், எனக்கு முன் சீட்டில் கைக்குழந்தையோடு ஒருத்தியும் அவளுடைய நாத்தனாரும் உட்கார்ந்திருந்தார்கள். நாத்தனார் கையில் தேரடி வீதியில் வாங்கிய குழந்தைப் பெயர்ப் புத்தகம்.

“இந்த புக்கு பொய் சொல்லுது அண்ணி. எந்தப் பேரைப் பார்த்தாலும் ஒளி, அழகு, அறிவுன்னே போட்டிருக்கான்.”

“அர்த்தம் தெரிஞ்ச பேரா வச்சு செக் பண்ணிப் பாரேன்.”

“உங்க பேரைத்தான் தேடினேன். அது இல்லவே இல்ல.”

“போதும்பொண்ணுன்னு எவன் புக்குல போடுவான்? மூணாவதும் பொண்ணாப் பொறந்துட்டேன், அடுத்ததாவது பையனா வரட்டும்னு எங்கப்பா வச்சது. அதுக்கு அர்த்தம் ஊருக்கே தெரியும்.”

“அம்மாவும் இவளுக்கு அதையே வைக்கணும்னு நிக்கிறாங்க. ரெண்டாவதும் பொண்ணாப் போச்சாம்.”

குழந்தை சிணுங்கியது. அவள் அதைத் தோளில் போட்டுத் தட்டிக்கொடுத்தாள்.

“எங்க வீட்ல அந்தப் பேரை வச்சுப் பார்த்தாச்சுன்னு உங்கம்மாகிட்ட சொல்லு. எனக்கப்புறமும் ரெண்டு தங்கச்சிங்கதான் பொறந்தாங்க.”

“அப்ப இவளுக்கு என்னதான் வைக்கிறது?”

“ஒளின்னு போட்டிருக்கானே, அதுல ஒண்ணை எடு. பொய்யாவே இருந்துட்டுப் போகட்டும்.”