அசையாத வீரன்

இந்த ஆஸ்பத்திரிக் கேன்டீனில் சாய்க்கு இஞ்சி கொஞ்சம் அதிகம் போடுகிறார்கள். ஆனாலும் குடிக்கலாம். நேற்று மதியத்திலிருந்து நீங்கள் ஒன்றுமே குடிக்கவில்லை, ஜான்சி அக்கா. ஆறுவதற்குள் குடித்துவிடுங்கள். நான் சொல்லி முடிக்கக் கொஞ்ச நேரம் ஆகும். நடுவில் நான் பேசாமல் இருந்தால் முடிந்துவிட்டது என்று எழுந்துவிட வேண்டாம். எனக்கு அப்படி ஒரு வழக்கம் உண்டு. உங்கள் தம்பி அருண்ராஜ் அதைச் சொல்லிச் சிரிப்பான்.

நேற்றிலிருந்து எனக்கு நன்றி சொல்லிக்கொண்டே இருக்கிறீர்கள். "ராம்கி மட்டும் வீட்டுல இல்லேன்னா என் தம்பிய உசுரோட பாத்திருக்க மாட்டேன்" என்று வானவடியிலிருந்து வந்த உங்கள் பக்கத்து வீட்டுக்காரர்களிடம் இந்தியில் ஒருமுறையும் தமிழில் ஒருமுறையும் சொன்னீர்கள். உங்கள் கணவர் என் கையைப் பிடித்தவர் விடவே இல்லை. நானும் இழுத்துக்கொள்ளவில்லை.

டாக்டர் ஒவ்வொரு முறை வெளியே வரும்போதும் ஒரே கேள்வியைத்தான் கேட்கிறார். சர்க்கரை இறங்கி நினைவு தப்பிய பிறகு அவன் எவ்வளவு நேரம் அப்படியே கிடந்தான்? மூளைக்கு எவ்வளவு சேதம், அடுத்து என்ன செய்வது, வீட்டாரிடம் என்ன சொல்வது, எல்லாம் அந்தப் பதிலைப் பொறுத்தது என்கிறார். அது யாருக்கும் தெரியாது என்று நீங்கள் சொன்னீர்கள். நான் ஹெட்ஃபோன் போட்டு வேலை பார்த்துக்கொண்டிருந்தேன், நீங்கள் போன் செய்ததும் ஓடிப்போய்க் கதவைத் திறந்தேன் என்றீர்கள். நான் சொன்னதைத்தான் சொன்னீர்கள். உங்கள் மேல் தவறில்லை.

ஆனால் அது தெரியாத விஷயம் அல்ல. எனக்குத் தெரியும்.

என் வேலை என்ன என்று ஒருமுறை கேட்டீர்கள். ஹடப்சரில் ஆன்லைன் விளையாட்டுக் கம்பெனி என்று மட்டும் சொன்னேன். எங்கள் விளையாட்டில் மாதச் சந்தா கட்டியவர்களுக்கு ஒவ்வொரு ஆட்டம் முடிந்ததும் ஒரு பெட்டி திறக்கும். உள்ளே ஆயுதம், உடை, ஏதாவது இருக்கும். பெட்டியில் என்ன, எப்போது என்று முடிவு செய்வது நான். அருண்ராஜ் நான் சேர்வதற்கு முன்பிருந்தே சந்தாதாரன்.

முன்பு ஒரு ஆட்டம் முக்கால் மணி நேரம் போகும். வேலைக்குப் போகிறவன் ஒரு நாளில் ஒன்றோ இரண்டோதான் ஆட முடியும். ஒரு மாதத்துக்கு என்று வைத்த பரிசுகள் மாதம் முழுக்க வரும். பிறகு ஃபாஸ்ட் மோடு வந்தது. சின்ன மைதானம், நான்கு நிமிட ஆட்டம், முடிந்தவுடன் அடுத்தது தானாகவே தொடங்கும். ஆட்டத்துக்கு ஒரு பெட்டி என்ற பழைய விதியை யாரும் மாற்றவில்லை. சந்தாதாரர்கள் மாதப் பரிசு முழுவதையும் முதல் வாரத்திலேயே அள்ளிக்கொண்டார்கள். அள்ள ஒன்றும் இல்லாதபோது சந்தாவை நிறுத்தினார்கள். அவர்களைக் குறை சொல்ல முடியாது.

பெட்டிகளைக் குறைக்கலாம் என்றார்கள் சிலர். நான் சங்கிலி வைக்கலாம் என்றேன். முதல் பெட்டியில் அற்பமாக ஏதாவது இருக்கும். எழுந்திருக்காமல் அடுத்த ஆட்டமும் ஆடினால் அதைவிட நல்ல பெட்டி. அதற்கடுத்தது அதைவிட. நடுவில் எழுந்து போனால் சங்கிலி அறுந்துவிடும், மறுபடி முதலிலிருந்து தொடங்க வேண்டும். நான்கு நிமிடத்துக்கு ஒரு குணம் உண்டு, அக்கா. முக்கால் மணி நேரம் என்றால் மனிதன் யோசிப்பான். சாப்பிட்டுவிட்டு உட்காரலாமா, போன் பேசிவிட்டு வரலாமா என்று பார்ப்பான். நான்கு நிமிடத்துக்கு யாரும் யோசிப்பதில்லை.

எங்கள் குழுத் தலைவர் ஜலீல் அண்ணன். ஆம்பூர்க்காரர், நல்ல மனிதர். எல்லோர் முன்னாலும் தமிழிலேயே சொன்னார்: "பசிச்சா எவனா இருந்தாலும் எந்திரிச்சுப் போயிருவான் தம்பி. உன் சங்கிலி ஒரு பிளேட் பிரியாணிகிட்ட தோத்துரும்." பிறகு மற்றவர்களுக்காக அதை இந்தியில் ஒருமுறை சொன்னார். இரண்டாவது முறை சிரிப்பு அதிகமாக இருந்தது. நானும் சிரித்தேன். அடுத்த கூட்டத்தில் சோதனை முடிவைக் காட்டுகிறேன் என்றேன்.

புது விதியை வெளியிடுவதற்கு முன் சில பேருடைய கணக்கில் மட்டும் வைத்துப் பார்ப்பது எங்கள் வழக்கம். அவர்களிடம் சொல்ல மாட்டோம், சொன்னால் சோதனை கெட்டுவிடும். முகம் தெரியாத நூறு பேரை வைத்துப் பார்த்தேன். அதில் ஒரு குறை இருந்தது. ஒருவன் எழுந்து போனால் பசித்துப் போனானா, அலுத்துப் போனானா என்று தெரியாது. உட்கார்ந்திருந்தால் அவனுக்கு எழ வேண்டிய காரணம் ஏதாவது இருந்ததா என்றும் தெரியாது. எனக்குத் தேவைப்பட்டது எழுந்தே ஆக வேண்டிய ஒருவன். அவன் எப்போது எழ வேண்டும் என்பதும் எனக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

அருண்ராஜ் என் அடுத்த அறையில் இருந்தான்.

கோந்த்வாவில் நாங்கள் வீடு எடுத்த அன்று நீங்கள் அரிசியும் குக்கரும் கொண்டு வந்தீர்கள். சமையலறையில் என்னைத் தனியாக நிறுத்திச் சொன்னீர்கள். "சின்னதுல இருந்தே அவனுக்கு இன்சுலின், தம்பி. ஊசி போட்டா கால் மணி நேரத்துக்குள்ள சோறு உள்ள போயிரணும். வெளயாட உக்காந்தான்னா இவனுக்கு ஒண்ணும் தெரியாது. நீ ஒரு சத்தம் குடுத்திரு." சரி அக்கா என்றேன். "ஒங்க கம்பெனி வெளயாட்டுதானல, வேணும்னா நிப்பாட்டிப் போட்டுரு" என்று சிரித்தீர்கள். இத்தனை நாளும் நான் சத்தம் கொடுக்காமல் இருந்ததில்லை. நேற்று ஒரு நாள்தான்.

ஞாயிற்றுக்கிழமைகளில் எங்களுக்கு மெஸ்ஸிலிருந்து சாப்பாட்டு டப்பா வரும். கீழே போய் வாங்கி வருவது என் வேலை. டப்பா வந்துவிட்டது என்று நான் சொன்ன பிறகுதான் அவன் ஊசி போடுவான். நேற்றும் டப்பா வந்துவிட்டது என்று சொல்லிவிட்டுத்தான் கீழே போய் வாங்கி வந்தேன். அவன் அறைக் கதவு லேசாகச் சாத்தியிருந்தது.

"என்னடா இன்னிக்கு? அதே உருளக்கெழங்கு பாஜியா?" என்று உள்ளேயிருந்து கேட்டான்.

"சிக்கன்."

"அட, அதிசயம். லெக் பீஸ் எனக்கு. திருடித் தின்னேன்னா கொன்னுருவேன். ஊசி போட்டுட்டேன். ஒரே ஒரு மேட்ச், வந்துட்டேன்."

சாப்பாட்டை நான் ஒளித்து வைக்கவில்லை. நடுக்கூடத்து மேஜையில் வைத்து, டப்பாவைத் திறந்தும் வைத்தேன். வாசனை உள்ளே போகட்டும் என்றுதான். சோதனை நேர்மையாக இருக்க வேண்டும் அல்லவா? பிறகு என் அறைக்குப் போய், கதவைத் திறந்தே வைத்து, அவன் கணக்கில் சங்கிலியைச் சேர்த்து, கணினியில் அவன் ஆட்டத்தைப் பார்க்க உட்கார்ந்தேன்.

முதல் மூன்று ஆட்டமும் நன்றாக ஆடினான். நான்காவது முடிந்ததும் தயங்கினான். வெளியேறும் பொத்தான் மேல் அவன் மவுஸ் அம்பு வந்து நின்றது. நாற்காலி பின்னால் நகரும் சத்தம் சுவருக்கு இந்தப் பக்கம் கேட்டது. அவன் கணக்குக்கு மட்டும் பெட்டியின் மதிப்பை உயர்த்த என்னால் முடியும். உயர்த்தினேன். நாற்காலி முன்னால் வந்தது.

"டேய் ராம்கி, ஒங்க கம்பெனிக்கு கிறுக்குப் புடிச்சிருச்சா? என்னமா அள்ளிக் குடுக்குறானுவ. வந்து பாருடா."

நான் போகவில்லை. இரண்டு ஆட்டம் கழித்து மறுபடி தயங்கினான். மறுபடி உயர்த்தினேன். ஆடினான், அவ்வளவுதான்.

ஆஸ்பத்திரிக்கு வந்து விசாரித்த போலீஸ்காரரிடமும் உங்களிடமும் நான் ஹெட்ஃபோன் போட்டிருந்ததாகச் சொன்னேன். போட்டிருக்கவில்லை. அது பையில் இருந்தது. எனக்குச் சத்தமில்லாத வீடு பிடிக்கும். ஞாயிறு மதியம் எங்கள் கட்டிடத்தில் அது கிடைக்கும். அதனால் அவன் அடுத்துச் சொன்னதும் தெளிவாகவே கேட்டது.

"டேய், கை நடுங்குது. ஒரு பிஸ்கட் எடுத்துப் போடேன்."

பிஸ்கட் சமையலறை அலமாரியில் இருந்தது. எடுத்துக் கொடுத்திருக்கலாம். ஆனால் உட்கார்ந்த இடத்துக்கே உணவு போனால் பசிக்கும் சங்கிலிக்கும் போட்டியே இல்லை. ஜலீல் அண்ணன் முதல் கேள்வியாக அதைத்தான் கேட்பார். அருண்ராஜ் எழுந்து வந்து எடுத்துக்கொள்ளட்டும் என்று இருந்தேன். அவன் இருந்த இடத்திலிருந்து மேஜைக்கு எட்டு அடி வைத்தால் போதும். நான் எதையும் பூட்டவில்லை.

இன்னொரு முறையும் கூப்பிட்டான். இந்த முறை பெயர் மட்டும். குரல் தாழ்வாக, தூக்கத்தில் பேசுவதுபோல இருந்தது.

அதன் பிறகு அவன் ஆட்டம் கெட்டது. நேராக ஓட வேண்டிய இடத்தில் சுவரில் மோதினான். எதிரி இல்லாத பக்கம் சுட்டான். அதற்கடுத்த ஆட்டத்தில் அவன் வீரன் மைதானத்துக்குள் வந்து, ஒரு இடத்தில் நின்றான். அசையவில்லை. யாரோ சுட்டார்கள், விழுந்தான். நான்கு நிமிடம் முடிந்தது, பெட்டி திறந்தது. புது ஆட்டம் தானாகத் தொடங்கியது. வீரன் எழுந்து நின்றான், அசையவில்லை.

இது எப்படி என்று கேட்பீர்கள். ஆளே ஆடாதபோது சங்கிலி அறுந்திருக்க வேண்டும். நெட் போய்விட்டது, சங்கிலி அறுந்துவிட்டது என்று சந்தாதாரர்கள் புகார் சொல்லக் கூடாதே என்று நான் ஒரு சலுகை வைத்திருந்தேன். சந்தா கட்டியவன் அசையாமல் நின்றாலும் சங்கிலி அறுபடாது, பெட்டி வரும். அது இப்படி ஓட்டையாகும் என்று எனக்கு அப்போதுதான் தெரிந்தது. திருத்த வேண்டிய பிழை என்று குழுவுக்கு எழுதி அனுப்பினேன். எழுத்து நடை கூட நன்றாக வந்திருந்தது.

விளையாட்டை அப்படியே விட்டுவிட்டுச் சாப்பிடப் போயிருப்பான் என்று நினைத்ததாகவும் போலீஸ்காரரிடம் சொன்னேன். என் நாற்காலியிலிருந்து பார்த்தால் நடுக்கூடத்து மேஜை தெரியும். டப்பா திறந்தபடி இருந்தது. கோழிக்காலின் மேல் ஈ உட்கார்ந்திருந்தது. அதை நான் பார்த்துக்கொண்டே இருந்தேன்.

அவன் அறையிலிருந்து ஒரு சத்தமும் வரவில்லை. அந்த அமைதியை உங்களுக்கு எப்படிச் சொல்வது என்று தெரியவில்லை. ஒவ்வொரு நான்கு நிமிடத்துக்கும் பெட்டி திறக்கும் மணிச்சத்தம் மட்டும் சுவர் வழியாக வரும். பிறகு ஒன்றும் இருக்காது. அடுத்தது முடிந்ததும் போய்ப் பார்க்கலாம் என்று நினைத்தேன். மணி கேட்கும். இன்னும் ஒன்று என்று தோன்றும். நான்கு நிமிடம்தானே.

பிறகு உங்கள் போன் வந்தது. "என்னல, அவன் போன எடுக்கவே மாட்டேங்கான்? சோறு தின்னானா? கொஞ்சம் பாரேன் தம்பி" என்றீர்கள். பார்க்கிறேன் அக்கா என்றேன். கதவைத் திறப்பதற்கு முன் சோதனையை முறையாக முடித்து வைத்தேன். இல்லையென்றால் நான் உள்ளே போனதால் சங்கிலி அறுந்ததாகப் பதிவாகியிருக்கும். அதற்கு ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. உள்ளே அவன் நாற்காலியிலேயே ஒரு பக்கமாகச் சரிந்திருந்தான். சட்டை முழுக்க வேர்வை. கை மவுஸ் மேல்தான் இருந்தது. அதை எடுத்துவிட்டுத்தான் தூக்கினேன். பிறகு நடந்ததெல்லாம் நீங்கள் சொல்வதுபோலத்தான். ஆம்புலன்ஸ் வரும்வரை காத்திருக்காமல் ஆட்டோவில் மடியில் போட்டுக்கொண்டு வந்தேன். அதில் பொய் இல்லை.

இன்று காலை ஆபீஸில் அந்தக் கூட்டம் இருந்தது. நான் போகவில்லை. உங்களோடு இருப்பதுதான் முறை என்று பட்டது. முடிவை மட்டும் ஜலீல் அண்ணனுக்கு அனுப்பிவைத்தேன்.

என்னை அப்படிப் பார்க்காதீர்கள். நான் அவனை அடிக்கவில்லை, அறையைப் பூட்டவில்லை, ஊசி மருந்தில் கை வைக்கவில்லை. எழுந்திருக்காதே என்று ஒரு வார்த்தை சொல்லவில்லை. அவன் நன்றாக இருக்க வேண்டும் என்பதில் எனக்கும் உங்கள் அளவுக்கு அக்கறை உண்டு. இல்லையென்றால் இதை நான் சொல்லவே வேண்டியதில்லையே. நீங்கள் கேட்கவும் இல்லை.

டாக்டர் வெளியே வருகிறார். போய்ச் சொல்லுங்கள். அவன் வீரன் முதலில் அசையாமல் நின்றதிலிருந்து நான் கதவைத் திறக்கும்வரை பத்தொன்பது ஆட்டம். அது ஃபாஸ்ட் மோடு என்பதையும் மறக்காமல் சொல்லுங்கள். எண்ணிக்கையை மட்டும் கேட்டால் அதிகமாகத் தெரியும். பழைய ஆட்டமாக இருந்தால் இரண்டுகூட முழுசாக ஆகியிருக்காது, அக்கா.