ஸாபிராவுக்கு ஒரு போர்டு

போர்டுக்காரர்: மறுபடியுமா! பாய், இது நாலாவது தடவை. நேத்துதான் ‘சரி, இதையே வச்சுக்கலாம்’னு வாய் நெறையச் சொல்லிட்டுப் போனீங்க.

பெரியவர்: சொன்னேன்தான் தம்பி. வீட்டுக்குப் போய் யோசிச்சுப் பார்த்தா, அந்த ரெண்டு ‘ஈ’ என்னமோ உறுத்துது...

போர்டுக்காரர்: உறுத்துதா? மொதல்ல ஒரே ஒரு ‘ஐ’ போட்டேன். பல் டாக்டர் போர்டுல நடுப்பல்லு விழுந்த மாதிரி இருக்குன்னீங்க. அப்புறம் ‘எஸ்’ஸைத் தூக்கிட்டு ‘இஸட்’ போடச் சொன்னீங்க. அப்புறம் ரெண்டு ‘ஈ’. அந்தா, மூலையில பாருங்க. மூணு ஸாபிரா வரிசையா சாஞ்சு நிக்கறாங்க.

பெரியவர்: நாலாவது சரியா வந்துரும்.

போர்டுக்காரர்: யாரு கண்டா! பேரு ஒண்ணுதானே? பொண்ணும் ஒண்ணுதானே?

பெரியவர்: ஒரே பொண்ணுதான். ஆனா பாருங்க, அரபில அந்த மொத எழுத்து ‘ஸாத்’. நம்ம ‘ச’வும் இல்ல, ‘ஸ’வும் இல்ல. நாக்கைக் கொஞ்சம் கனமா வச்சுச் சொல்லணும். ஸா... பிரா. இங்கிலீஷ்ல அதுக்குன்னு ஒரு எழுத்தே கெடையாது.

போர்டுக்காரர்: இல்லாத எழுத்தை நான் எங்கேருந்து வெட்டுவேன்? என் மிஷின்ல இருக்கறது இருபத்தாறுதான்.

பெரியவர்: கோவிச்சுக்காதீங்க தம்பி...

போர்டுக்காரர்: கோவமா? வயிறு எரியுது! ஆமா, இத்தனை பாடு படுத்துதே, அந்தப் பேருக்கு அர்த்தம்தான் என்ன?

பெரியவர்: ஸபுர்னா பொறுமை. பொறுமையா இருக்கறவன் ஸாபிர். பொண்ணுன்னா ஸாபிரா.

போர்டுக்காரர்: எங்கம்மா எனக்கு வச்சிருக்க வேண்டிய பேரு. உங்ககிட்ட வந்து மாட்டுவேன்னு பாவம், அவங்களுக்குத் தெரியல.

பெரியவர்: பேரு வச்சா குணம் வந்துருமா? எம் பொண்ணுக்கு மூக்கு மேல கோவம். அஞ்சு வயசு இருக்கும். செருப்பைக் கால் மாத்திப் போட்டு விட்டுட்டேன்னு ஒரு நாள் முழுக்க எங்கூடப் பேசல.

போர்டுக்காரர்: அது யாரு குணம்?

பெரியவர்: ...எங்குணம்தான்.

போர்டுக்காரர்: சரி, விடுங்க. இன்னிக்கு என்ன உத்தரவு?

பெரியவர்: எஸ், ஏ, பி, ஐ, ஆர், ஏ.

போர்டுக்காரர்: பாய்! இது மொத நாள் போட்டது!

பெரியவர்: ஆமா...

போர்டுக்காரர்: என்ன ‘ஆமா’? அப்ப மூலையில இருக்கறதையே தூசி தட்டித் தந்துரட்டுமா?

பெரியவர்: ஐயையோ, வேணாம்! அது... எழுத்து கொஞ்சம் பொடிசு. புதுசாவே வெட்டுங்க. மெதுவா வெட்டுங்க.

போர்டுக்காரர்: ம்ம்... இருங்க. எனக்கும் ஒரு சந்தேகம். ‘ஸா’ன்னு இழுத்துத்தானே சொல்றீங்க? மொத ‘ஏ’ ஒண்ணு போதுமா, ரெண்டு வேணுமா?

பெரியவர்: அட, ஆமால்ல! அதை யோசிக்கவே இல்லையே.

போர்டுக்காரர்: நல்லா யோசிங்க. ஒண்ணும் அவசரம் இல்ல.

பெரியவர்: இப்பத்தான் வயிறு எரியுதுன்னீங்க?

போர்டுக்காரர்: எரியத்தான் எரியுது! உக்காருங்க, டீ சொல்றேன். ஏன் அந்த ஓரத்துலயே போய் ஒட்டிக்கறீங்க? ஃபேனுக்குக் கீழ வாங்களேன், வேர்த்துக் கொட்டுது.

பெரியவர்: இங்கயே இருக்கட்டும். இங்கதான்... வெளிச்சம் நல்லா இருக்கு.

போர்டுக்காரர்: இனிஷியல் என்ன?

பெரியவர்: எது?

போர்டுக்காரர்: இனிஷியல் பாய்! நாலு தடவை வந்துட்டீங்க, அதை மட்டும் சொல்லவே இல்ல. அப்பா பேரு இல்லாம மொட்டையா ஒரு போர்டா?

பெரியவர்: இருந்துட்டுப் போகட்டும்.

போர்டுக்காரர்: ஏன்?

பெரியவர்: வேணாம்னா விடுங்களேன்!

போர்டுக்காரர்: சரி சரி, கத்தாதீங்க. டாக்டரம்மாகிட்டயே ஒரு போன் போட்டுக் கேட்டுருவோம். ஒரு நிமிஷத்துல தீர்ந்துரும். நம்பர் சொல்லுங்க.

பெரியவர்: இப்ப வேணாம். யாருக்காச்சும் பல்லு புடுங்கிக்கிட்டு இருப்பா...

போர்டுக்காரர்: நாலு நாளாவா புடுங்கறாங்க?

பெரியவர்: ...நம்பர் இல்ல தம்பி.

போர்டுக்காரர்: பெத்த பொண்ணு நம்பர் இல்லையா?

பெரியவர்: நாலு வருஷமா இல்ல. நான் பார்த்த மாப்பிள்ளை வேணாம்னா. வந்தவங்க அத்தனை பேரும் உக்காந்திருக்கும்போது, என் முகத்துக்கு நேரா சொன்னா. எனக்கு உச்சிக்கு ஏறிடுச்சு. ‘என் பேரை உன் பேருக்கு முன்னாடி போட்டுக்காதே, இந்த வீட்டுப் படி ஏறாதே’ன்னுட்டேன். அவ... ஏறவே இல்ல.

போர்டுக்காரர்: நீங்களாச்சும் எறங்கிப் போயிருக்கலாம்ல?

பெரியவர்: போயிருக்கலாம். எந்த மூஞ்சியை வச்சுக்கிட்டுப் போறது?

போர்டுக்காரர்: அப்ப இந்த போர்டை யாரு கொண்டு போய்க் குடுப்பா?

பெரியவர்: அதை அப்புறம் பார்த்துக்கலாம்.

போர்டுக்காரர்: என்னைப் பார்த்துச் சொல்லுங்க பாய். தெருவைப் பார்க்காதீங்க. பொண்ணு பேரை எப்படி எழுதறதுன்னு நெசமாவே உங்களுக்குத் தெரியாதா?

பெரியவர்: பொறந்த அன்னிக்கு ஆஸ்பத்திரி ரிஜிஸ்டர்ல என் கையால எழுதின பேரு. தெரியாமப் போகுமா?

போர்டுக்காரர்: அப்புறம் எதுக்கு என் உசிரை வாங்கறீங்க!

பெரியவர்: இந்த ஓரத்துல உக்காந்தா எதிர்ல அவ கிளினிக் மாடிப்படி தெரியுது தம்பி. அஞ்சு மணிக்கு இறங்கி வந்து, அந்த இரும்புக் கதவை அவளே தொறப்பா. கதவு இறுக்கம் போல... ரெண்டு கையாலயும் தள்றா. எளைச்சுப் போயிட்டா. சும்மா வந்து உக்காந்தா யாரு என்னன்னு கேப்பீங்க. போர்டுன்னா கேக்க மாட்டீங்கல்ல? அவகிட்ட மட்டும் சொல்லிறாதீங்க. உங்களுக்குப் புண்ணியமாப் போகும்.

போர்டுக்காரர்: நான் என்னத்தைச் சொல்றது! மொத நாளே மேலேருந்து பார்த்துட்டாங்க. நீங்க தெரு முனை திரும்பினதும் மூச்சு வாங்க ஓடி வந்து நின்னாங்க. அன்னிலேருந்து அத்தாவும் மகளுமா என்னை நடுவுல போட்டு மிதிக்கறீங்க! ‘அத்தா எத்தனை தடவை மாத்தினாலும் மாத்துங்கண்ணே. அவரு சரின்னுட்டா நீங்களா ஏதாச்சும் கொழப்பி விடுங்க. போர்டை மட்டும் முடிச்சுக் குடுத்துறாதீங்க... முடிஞ்சா அத்தா வரமாட்டாரு’ன்னு சொன்னாங்க.