ஆறு மணிக்கு மலை ரோடு

— எங்க இருக்கன்னு அப்பறம் சொல்லுக்கா. மொதல்ல இதுக்கு ஒரு வழி சொல்லு. கம்ப்யூட்டர்ல சி டிரைவ் ரொம்பிப் போயி செவப்புக் கோடு காட்டுது. கையில கெடச்சத எல்லாம் டெலிட் பண்ணிப் பாத்துட்டன், அது அப்டியேதான் நிக்குது.

— டேய் சரத்து, கெடச்சத எல்லாம்னா எத எத?

— பழைய பாட்டுங்க கொஞ்சம். அப்பறம் டெஸ்க்டாப்ல மஞ்சா கலர்ல சுத்தியல் படம் ஒண்ணு இருந்துச்சில்ல, உன்னுது. வூடு கட்டற கேமு. அதையும் தூக்கிட்டன்.

— இன்னாது?

— கோவப்படாதக்கா. மலையிலருந்து எறங்கி வா, வேற நல்ல கேமா போட்டுத் தர்றன்.

— அடப்பாவி! ரீசைக்கிள் பின்ல இருக்கும், தெறந்து பாரு.

— அதையும் காலி பண்ணிட்டன்க்கா. நீதான சொல்லுவ, குப்பைய வூட்டுக்குள்ளயே வெச்சிக்கினு இருக்காதன்னு.

— ஐயோ, அதுல என் வேலை இருக்குதுடா! மாசக்கணக்கா பண்ண வேலை. ஆஸ்பத்திரி டூட்டி முடிச்சி வந்து கண்ணு எரிய எரிய உக்காந்து பண்ணன். வேற எங்கயும் ஒரு காப்பி கூட எடுத்து வெக்கல. இப்டி ஒரேடியா வாரிக் கொட்டிட்டியேடா!

— வூடு கட்டற கேமுக்கா இம்மாம் அழுவ? பஸ்ல அழுவாதக்கா, ஆளுங்க பாப்பாங்க.

— பாக்கட்டும். பஸ்ஸே நவுரல. மரவள்ளி ஏத்தின லாரி வளைவுல அச்சு ஒடிஞ்சி குறுக்கால நிக்குது. ஆறு மணிக்குள்ள வூட்டுக்கு வந்துடணும்னு வெள்ளிமலையில அரை நாள் லீவு சொல்லிட்டு ஏறினன். நல்லா வந்தன் போ.

— எனுக்கும் ஆறு மணிதான்க்கா! அதுக்குத்தான் இந்தப் பாடே. ஆறு மணிக்கு மலையரசன் அண்ணன் ரோட வுடறாரு.

— யாரு?

— மலையரசன் அண்ணன்க்கா. நம்ம பஸ் கேமுக்கு நெட்ல ஊர் ஊரா ரோடு செஞ்சி போடறாரே, அவுரு. இன்னிக்கி நம்ம ரோடு. கச்சிராயபாளையத்துலருந்து வெள்ளிமலை வரைக்கும், ஒரு வளைவு வுடாம. நாளைக்கி மினி பஸ் முதலாளி டிரைவர் வேலைக்கு என்ன மலையேத்திப் பாக்கறாரில்ல? கரும்பு டிராக்டர் ஓட்டனவன் நானு. பெரிய வண்டிய மலையில ஏத்தினதே இல்ல. உள்ளுக்குள்ள ஒதறுதுக்கா, உன்கிட்ட சொல்றதுக்கு இன்னா. இன்னிக்கி கேம்ல நாலு வாட்டி ஏத்தி எறக்கிப் பாத்துட்டன்னா தைரியமா போவன். அண்ணன் பாரு, கரெக்டா டிரையலுக்கு மொதோ நாள் பாத்துப் போடறாரு. தெய்வம்க்கா அந்த ஆளு.

— தெய்வத்துக்குக் கோயில் கட்டத்தான் என் வேலைய இடிச்சிட்டியா?

— எடம் வேணுமே. ஆனா சத்தியமா சொல்றன், உன் சுத்தியலத் தூக்கியும் பிரயோஜனம் இல்ல. கோடு ஒரு துளி கூட கொறையல.

— பொறு. ஒரு துளி கூடவா?

— துளி கூட இல்லன்றன்.

— நல்லா பாத்துச் சொல்லு. தூக்கறதுக்கு முன்னாடி எவ்ளோ இருந்துச்சோ அவ்ளோதானா?

— அதேதான்க்கா. வெறுத்துப் போச்சி.

— டேய்! அப்ப போவலடா! எங்கயும் போவல! நீ பேர்ப்பலகையத்தான் கழட்டியிருக்க. கடை உள்ள அப்டியே இருக்குது. அது வெறும் ஷார்ட்கட்டுடா மடையா!

— திட்டறியா, சந்தோசப்படறியா?

— ரெண்டுந்தான். போன ஸ்பீக்கர்ல போடு. இங்க சிக்னல் வந்து வந்து போவுது, சொல்றத ஒரே வாட்டியில புடிச்சிக்கோ. மொதல்ல என்னுத கண்டுபுடிச்சிக் குடு, அப்பறம் உனுக்கு எடம் நான் பண்ணித் தர்றன். உன் பஸ் கேம் படம் இருக்குதில்ல, அது மேல ரைட் கிளிக் பண்ணு.

— உன் கேமத் தேடச் சொன்னா என் கேம் மேல தட்டச் சொல்ற?

— ரெண்டும் ஒரே எடத்துலதான் குடி இருக்குது. தட்டு.

— வூடு கட்டற கேமுக்கு பஸ் கேம்ல இன்னா வேலை?

— கேள்விய அப்பறம் கேளு. தட்டினியா? ஓப்பன் ஃபைல் லொகேஷன்னு வரும்.

— வந்துச்சி, தட்டிட்டன். ஐயய்யோ, இன்னாக்கா இது, இவ்ளோ இருக்குது? ஒண்ணுத்துக்கும் ஒழுங்கா பேரு கூட இல்ல.

— அதான் கேம் இருக்கற ஃபோல்டர். நீ தெனைக்கும் ஓட்டற பஸ்ஸு, ரோடு, ஆரன் சத்தம், எல்லாம் அதுக்குள்ளதான். எதையும் தொடாம கீழ தள்ளிக்கினே போ.

— போறன். போறன். க்கா!

— இன்னாடா?

— சந்தியான்னு ஒரு ஃபோல்டர் இருக்குதுக்கா! உன் பேரு!

— இருக்குதா? அம்மாடி! இருக்குதுடா! ஒண்ணும் இல்லங்கண்ணா, ஒண்ணும் இல்ல. தொலைஞ்சது கெடச்சிடுச்சி, அதான் கத்திட்டன். டேய், கண்டக்டர் திரும்பிப் பாக்கறாரு. இப்பத்தான்டா உசுரு வந்துச்சி.

— கண்டக்டர்னதும் ஞாபகம் வருது. தெனைக்கும் ஜன்னல்ல போன நீட்டிக்கினு ரீல்ஸ் எடுக்கறியாமே? கை பத்திரம்னு சொல்லச் சொன்னாரு.

— ரோட்டத்தான் எடுக்கறன். உனுக்கு இன்னா?

— தெனம் போற ரோட்ல எடுக்கறதுக்கு இன்னா இருக்குது? அதெல்லாம் ஓட்டறவன் கண்ணுக்குத்தான்க்கா தெரியும். மலையரசன் அண்ணன் டிரைவர்தான், நான் எழுதியே தர்றன். எந்த வளைவுல எந்த கியருன்னு தெரிஞ்சவராலதான் இப்டி செய்ய முடியும். பயணிங்க ஏறினதும் தூங்கிடுவாங்க.

— எல்லாரும் தூங்க மாட்டாங்க.

— அட போக்கா. சீட்ல உக்காந்து வர்றவங்களுக்கு ரோட்டப் பத்தி இன்னா தெரியும்?

— சரிப்பா, டிரைவரு. மொதல்ல சந்தியாவ டி டிரைவ்ல ஒரு காப்பி போடு. கட் பண்ணிடாத. காப்பி.

— காப்பி பண்ணி ஒட்டிட்டன். ஓடுது. பெருசா இருக்கும் போலருக்கே. வூடு கட்டினியா, ஊரே கட்டினியா?

— ஊர்தான். முடிஞ்சிதா?

— முடிஞ்சிது. இப்ப என் எடம்?

— பழைய எடத்துக்கு வா. ரீப்ளேன்னு ஒரு ஃபோல்டர் இருக்கணும். ரைட் கிளிக் பண்ணி ப்ராப்பர்ட்டீஸ்ல சைஸு எவ்ளோன்னு பாரு.

— ஆத்தாடி! பாதி டிரைவ இதுவே முழுங்கி வெச்சிருக்குது! இன்னாக்கா இருக்குது உள்ள?

— தெறந்து ஒண்ண ஓட்டிப் பாரு.

— இது என் பஸ்ஸு. வளைவுல திரும்புது. ஐயோ, பள்ளத்துல வுழுவுது. அடுத்ததும் நான்தான், மரத்துல மோதறன். க்கா, இதுல பூரா நான் வுழுந்ததும் மோதினதுந்தான் இருக்குது!

— நீ ஒவ்வொரு வாட்டி குப்புற கவுக்கும்போதும் அது தானா படம் புடிச்சி சேத்து வெச்சிக்கினு இருக்குது. உன் கம்ப்யூட்டர அடைச்சிக்கினு இருக்கறது என் சுத்தியல் இல்ல சாமி, உன் டிரைவிங்குதான்.

— யார்கிட்டயும் சொல்லிடாதக்கா. முதலாளி காதுக்குப் போச்சின்னா நாளைக்கி ஏணி மேல கூட ஏத்த மாட்டாரு.

— சிரிப்பு தாங்கலடா. சரி, அந்த வீடியோவ எல்லாம் தூக்கிப் போடு. ரீப்ளே மட்டுந்தான், புரியுதா? பக்கத்துல எதையும்...

— அலோ? க்கா? பக்கத்துல எதையும் இன்னா? அலோ! ஒரேடியா அழிஞ்சிடும், சரியான்னு கேக்குதுக்கா. அமுத்தவா வேணாமா? அலோ!

— டேய், சிக்னல் போயிடுச்சி. இப்ப கேக்குதா? அமுத்திட்டியா?

— அமுத்திட்டன்.

— எத?

— நீ சொன்னதத்தான்.

— சந்தியா?

— குத்துக்கல்லாட்டம் இருக்குதுக்கா. நான் இன்னா அவ்ளோ மோசமானவனா? ரெண்டு வாட்டி பேரப் படிச்சிட்டுத்தான் அமுத்தினன். ஏய்! கோடு நீலமாயிடுச்சிக்கா! பாதிக்கு மேல காலி! இப்ப எத்தினி ரோடு வேணாலும் எறக்கலாம். ஜெயிச்சிட்டோம்!

— நல்லா பண்ணடா தம்பி. மணி இன்னா?

— ஆறு ஆயிடுச்சி. இரு, அண்ணன் பக்கத்தத் தெறக்கறன். இன்னும் போடல. மறுபடி பாக்கறன். ம்ஹூம், வரல. க்கா, கீழ திட்ட ஆரம்பிச்சிட்டானுங்க. மலையரசன் டுபாக்கூருன்னு ஒருத்தன் எழுதறான்.

— நீ இன்னா எழுதின?

— நான் வுட்டுக் குடுப்பனா? அண்ணன் சொன்னா செய்வாரு, எதாச்சும் தடங்கல் வந்திருக்கும், வாய மூடிக்கினு இருங்கடான்னு போட்டுட்டன். ஆனா மனசுக்கு பேஜாரா இருக்குதுக்கா. இன்னிக்கி வரலன்னா நாளைக்கி நான் எந்த தைரியத்துல மலையேறுவன்?

— வரும்டா. லாரி நவுர்ற மாதிரி தெரியல, நான் வந்து சேர்ற வரைக்கும் அவனுங்களும் பொறுக்க மாட்டானுங்க. நீ ஒண்ணு பண்ணு. சந்தியா ஃபோல்டருக்குள்ள போ. அந்த சுத்தியல் படம் இருக்குதா? அத ரெண்டு தட்டு தட்டு.

— நான் இங்க தவிச்சிக்கினு இருக்கறன், உனுக்கு இப்பத்தான் வூடு கட்டற கேமு கேக்குதா?

— தட்டுறா.

— தட்டிட்டன். தெறக்குது. பஸ் ஸ்டாண்டு ஒண்ணு தெரியுது. பக்கத்துல ஜூஸ் கடை. இரு இரு. இது நம்ம கச்சிராயபாளையம் பஸ் ஸ்டாண்டுக்கா!

— அப்டியே ரோட்டப் புடிச்சி மேல போ.

— கோமுகி டேம் வருது. மதகு கூட இருக்குது. மலை ஏறுது. ஐயோ, அந்த பாறை வளைவு! லாரிக்காரனுங்க ஆரன் அடிக்காம வர மாட்டானுங்களே, அதேதான்! ரோட்டோரம் பலாப்பழம் விக்கறவங்க கூட குந்திக்கினு இருக்காங்க. எம்மா, புல்லரிக்குதுக்கா. இத வெச்சி ஓட்டினா நாளைக்கி கண்ண மூடிக்கினு ஏறுவன்.

— கண்ணத் தெறந்துக்கினே ஏறு. எப்டி இருக்குது?

— எப்டி இருக்குதா? பின்னிட்டாரு! க்கா, ஒரு நிமிசம். இது அண்ணனோட ரோடாச்சே. இன்னும் வெளியவே வரல. உன்கிட்ட எப்டி வந்துச்சி? திருடிட்டியா? எப்டிக்கா திருடின? பாவம்க்கா அந்த ஆளு!

— நல்லா கேட்ட. மேல ஓரத்துல பேரு போட்டிருக்கும். படி.

— வணக்கம், மலை... வணக்கம், மலையரசன்னு போட்டிருக்குது. க்கா?

— கீழ ரோட வெளிய வுடற பச்சை பட்டன் இருக்கும், அமுத்துடா. நான் வந்துதான் அமுத்தணும்னு வெச்சிருந்தன், பரவால்ல, மொதோ மொதல்ல ஓட்டப் போறவன் நீதான.