மொட்டைப்பாறை மஞ்சள்வால்

மீனுக்குப் பெயர் சொல்வது சுலபமான வேலை என்று நினைப்பவர்கள், மீனை வாங்கி மட்டுமே பழகியவர்கள். நீங்களும் அப்படித்தான் என்று முகத்திலேயே தெரிகிறது, ஐயா. அதில் தப்பொன்றும் இல்லை. போலீஸ் ஸ்டேஷன் நாற்காலி என்றாலும் இது வசதியாக இருக்கிறது. விளக்குதான் கொஞ்சம் மஞ்சளாக எரிகிறது. வெள்ளை விளக்கு என்கிறீர்கள். சரி, வெள்ளை என்றே வைத்துக்கொள்வோம்.

நேற்றிலிருந்து என்னிடம் ஒரே கேள்வியைத்தான் கேட்கிறீர்கள். "உங்க மனைவி சாப்பிட்டது என்ன மீன்?" எதிரே ஆஸ்பத்திரிக் கட்டடத்தில் மூன்றாவது மாடியில் அவள் படுத்திருக்கிறாள். நாடித் துடிப்பு நிமிடத்துக்கு நாற்பதுக்கு மேல் ஏறவில்லை. மீனின் பெயரும் அது பிடிபட்ட இடமும் தெரிந்தால் டாக்டருக்கு உதவியாக இருக்கும் என்கிறீர்கள். சொல்கிறேன். ஆனால் எனக்குப் பயமாக இருக்கிறது. பயந்தவன் பேச்சு கொஞ்சம் சுற்றி வளைத்துத்தான் வரும். குறுக்கே பேசாமல் கேளுங்கள்.

மீன் இறங்கும் கூடத்தில் எனக்கு இருபத்தாறு வருடம். படகிலிருந்து வரும் மீன், ஓடும் பெல்ட்டில் என் முன்னால் போகும். நான் பெயரைச் சொல்வேன். பக்கத்தில் இருப்பவர் சீட்டில் எழுதிப் பெட்டியில் போடுவார். பெட்டி வெட்டு மேசைக்குப் போகும். அவ்வளவுதான். மீனைக் கையில் எடுத்துப் பார்க்க நேரம் கிடையாது. வஞ்சிரம், சீலா, விளமீன் எல்லாம் குழந்தைகூடச் சொல்லிவிடும். பாரை வகையில்தான் ஆள் மாட்டிக்கொள்வான். மஞ்சள் வால் வைத்திருக்கிற மீன் எல்லாம் மஞ்சள்வால் ஆகிவிடாது. மூக்கிலிருந்து வால் வரைக்கும் ஒரு மஞ்சள் பட்டை நேராக ஓட வேண்டும். கண்ணின் குறுக்கே கறுப்புப் பட்டை சாய்ந்திருந்தால் அது வேறு, அவனுடைய பெரியப்பா பிள்ளை என்று வைத்துக்கொள்ளுங்கள். துடுப்பு நீலமாக இருந்தால் நீலப்பாரை. இதையெல்லாம் நான் ஒரு மூச்சு விடுவதற்குள் சொல்லியாக வேண்டும். சொன்னேன். கூடத்தில் என் சொந்தப் பெயர் யாருக்கும் தெரியாது. பேர்க்காரர் என்றுதான் கூப்பிடுவார்கள். பெட்டியில் இருக்கும் சீட்டைப் பார்த்து, "பேர்க்காரர் சொன்னதா? அப்ப பிரிச்சுப் பாக்க வேண்டாம், ஏத்து" என்று வியாபாரிகள் லாரியில் ஏற்றிக்கொண்டு போவார்கள்.

என் மனைவி அதே கூடத்தில்தான் வேலை பார்க்கிறாள், வெட்டு மேசையில். கை வேகமானவள். வாயும் அப்படித்தான். அவள் நிற்கும் பக்கத்தில் சிரிப்புச் சத்தம் ஓயாது. சும்மா சொல்லக்கூடாது, என்னை அவள் ஒருநாளும் பட்டினி போட்டதில்லை, விட்டுக்கொடுத்துப் பேசியதும் இல்லை. இதைக் கண்டிப்பாக எழுதிக்கொள்ளுங்கள்.

போன வருடம் ஒரு நாள் காலையில் பல் விளக்கும்போது குளியலறைச் சுவர் ஓடுகள் அழுக்கேறி இருப்பதாக எனக்குப் பட்டது. தேய்த்தேன். போகவில்லை. அவளைக் கூப்பிட்டுக் காட்டினேன். "பளிச்சுனு வெள்ளையாத்தானே இருக்கு? காலங்காத்தாலே என்னைக் குறை சொல்ல வேற எதுவும் கிடைக்கலையா?" என்றாள். சிரித்துவிட்டு வேலைக்குப் போனேன். அன்றைக்குப் பெல்ட்டின் முன்னால் நின்றபோது எனக்குப் பயம் பிடித்துக்கொண்டது. என்னைக் கடந்து போகிற மீன் எல்லாவற்றிலும் ஒரு மஞ்சள் படிந்திருந்தது. அதற்காக நான் தப்பாகச் சொன்னேன் என்று நினைத்துவிடாதீர்கள். கண் கொஞ்சம் மங்கினால் அனுபவம் கைகொடுக்கும். யாரும் ஒரு புகாரும் சொல்லவில்லை. எட்டு மாதம் ஒரு பெட்டிகூடத் திரும்பி வரவில்லை. அதனால் என் பயமும் மெல்ல அடங்கியது.

போன வாரம் சட்டைப் பொத்தான் ஒன்று தேடி அவள் அலமாரியைத் துழாவினேன். பழைய பவுடர் டப்பா ஒன்று இருந்தது. திறந்தால் உள்ளே பொத்தான் இல்லை, சீட்டுகள். எங்கள் கூடத்துச் சீட்டுகள். இருபத்துமூன்று. எல்லாம் நான் சொல்லி, எழுதுகிறவர் எழுதியவை. ஒவ்வொன்றின் பின்பக்கமும் அவள் பென்சிலால் வேறொரு மீனின் பெயரை எழுதியிருந்தாள். முன்பக்கம் மஞ்சள்வால், பின்பக்கம் நீலப்பாரை. முன்பக்கம் விளமீன், பின்பக்கம் செப்பிலி. என் சீட்டை எடுத்து மறைத்துவிட்டு, பெட்டியில் தானே புதிதாக எழுதிப் போட்டிருக்கிறாள். எட்டு மாதம், பக்கத்தில் நின்று வெட்டுகிறவளுக்குக்கூடத் தெரியாமல்.

அந்த டப்பாவை வைத்துக்கொண்டு கட்டிலில் எவ்வளவு நேரம் உட்கார்ந்திருந்தேன் என்று தெரியாது. அவள் வந்தாள். பார்த்தாள். அழவில்லை, சண்டை போடவில்லை. என் பக்கத்தில் உட்கார்ந்து என் கையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள்.

"என்னங்க, உங்க கண்ணு எப்பவோ ரிட்டயர் ஆயிடுச்சு. நீங்கதான் அது இல்லாம தனியா வேலைக்குப் போயிட்டு இருக்கீங்க" என்றாள். பிறகு, "கண்ணுல புரைதாங்க, அரை மணி நேர ஆபரேஷன். மாடி வீட்டு அக்கா பண்ணிக்கிட்டு வந்து இப்ப ஊசியில நூல் கோக்குறாங்க. அடுத்த வாரம் வெள்ளிக்கிழமை மேனேஜர்கிட்ட நானே பேசுறேன். ஒரு மாசம் லீவு கேக்கலாம்" என்றாள்.

"அவர்கிட்ட என்னன்னு சொல்லுவே?"

"உள்ளதைச் சொல்லுவேன். இனிமே என்னாலயும் முடியலீங்க. என்னைக்காவது ஒரு பெட்டி என் கையில சிக்காமப் போயிட்டா? அதைத் தின்னுட்டு எவன் வீட்டுலயாவது ஒண்ணு கிடக்க ஒண்ணு ஆயிட்டா? நினைச்சாலே எனக்குச் சோறு இறங்க மாட்டேங்குது."

நியாயமான பேச்சு. நான் மறுக்கவில்லை. ஆனால் என் நிலைமையையும் நீங்கள் யோசிக்க வேண்டும். மீனைப் பார்த்துப் பெயர் சொல்லும் கேமரா ஒன்று வந்திருக்கிறதாம். மேனேஜர் நாலு மாதமாக அதையே பேசிக்கொண்டிருக்கிறார். ஒரு மாதம் என் இடத்தில் அது நின்றால், திரும்பி வரும்போது எனக்கு அங்கே இடம் இருக்காது. அதுகூடப் பரவாயில்லை. உள்ளதைச் சொல்வேன் என்றாளே, அந்த உள்ளது என்ன? பேர்க்காரனுக்குப் பெயர் தெரியவில்லை, பெண்டாட்டி திருத்திக் கொடுத்தாள் என்பது. கூடம் முழுக்கச் சிரிக்கும். இதை நினைத்தபோது எனக்கு வந்த பயம் இருக்கிறதே, அதைப் போல் ஒன்றை நான் அதுவரை அனுபவித்ததில்லை.

மொட்டைப்பாறை என்று ஒரு திட்டு கடலுக்குள் இருக்கிறது. வேறு இடத்தில் பிடித்த மஞ்சள்வால் நல்ல மீன். மொட்டைப்பாறையில் வளர்ந்த பெரிய மஞ்சள்வால் ஆகாது. உடம்பில் விஷம் சேர்ந்திருக்கும். வாடை வராது, ருசி மாறாது, எவ்வளவு கொதிக்கவைத்தாலும் போகாது. தலையிலும் ஈரலிலும் அதிகம். அங்கே வலையில் ஏறிவிட்டால் படகுக்காரர்களே வால் மடலின் மேல்பக்கத்தைக் கத்தியால் ஒரு வெட்டு வெட்டிவிடுவார்கள். கூடத்துக்கு வந்ததும் அது நேராகச் சிவப்புத் தொட்டிக்குப் போகும். சாயங்காலம் சுண்ணாம்பு போட்டுப் புதைப்பார்கள். மூன்று வருடத்துக்கு முன்னால் இந்த வெட்டைக் கவனிக்காமல் மூன்று கூலியாட்கள் எடுத்துப் போய்ச் சாப்பிட்டார்கள். இரண்டு பேர் ஒரு மாதத்தில் எழுந்து நடந்துவிட்டார்கள். ஒருவர் மட்டும்தான் எழுந்திருக்கவில்லை.

சனிக்கிழமை சிவப்புத் தொட்டியில் ஒரு மஞ்சள்வால் கிடந்தது. என் கை நீளம் இருக்கும். வால் மடலில் வெட்டு இருந்தது. விரலை வைத்துப் பார்த்துக்கொண்டேன். வெட்டு இல்லாவிட்டாலும் நான் கண்டுபிடித்திருப்பேன். அந்த வாலை அங்கேயே நறுக்கிப் போட்டுவிட்டு, மீதியைப் பையில் வைத்து வீட்டுக்கு எடுத்துப் போனேன்.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அவள் சூப் வைத்தாள். அவளே சுத்தம் பண்ணினாள், அவளே வைத்தாள். "வாலைக் காணோமே" என்றாள். "வர்ற வழியில பூனைக்குப் போட்டேன்" என்றேன். "பூனைக்குப் பாவம் பாக்குறீங்களா? ஆபரேஷனுக்கு முன்னாடியே மனசு தெளிஞ்சிருச்சு போல" என்று சிரித்தாள். எனக்கு வயிறு சரியில்லை, ரொட்டி போதும் என்று சொன்னேன். தலை அவளுக்கு ரொம்பப் பிடிக்கும். உறிஞ்சி உறிஞ்சிச் சாப்பிட்டாள். நான் எதிரில் உட்கார்ந்து ரொட்டியைப் பிய்த்துக்கொண்டிருந்தேன். என் கணக்கு என்னவென்றால், ஒரு வாரம் படுத்திருந்தால் போதும். வெள்ளிக்கிழமை தாண்டிவிடும். அதற்குள் நான் பேசி அவள் மனதை மாற்றிவிடலாம். அதற்கு மேல் எந்தக் கெட்ட எண்ணமும் எனக்கு இல்லை.

மூன்று மணிக்கு வாந்தி தொடங்கியது. உதடு மரத்துப் போகிறது என்றாள். பல் எல்லாம் ஆடுகிற மாதிரி இருக்கிறது என்றாள். தண்ணீர் கேட்டாள், பானையிலிருந்து எடுத்துக் கொடுத்தேன். டம்ளரைத் தொட்டதும் வீறிட்டுக் கீழே போட்டுவிட்டாள். "சுடுதுங்க. கொதிக்குது. ஏங்க வெந்நியைக் கொடுத்தீங்க?" என்று கையை உதறினாள். நான் தொட்டுப் பார்த்தேன், பச்சைத் தண்ணீர். அந்த விஷம் அப்படித்தான், குளிர்ந்ததைச் சுடுவதாகக் காட்டும். கூலியாட்களிடம் கேட்டு எனக்குத் தெரியும். அவள் தண்ணீரைப் பார்த்துப் பயந்தாள். நான் அவளைப் பார்த்துப் பயந்தேன். தரையில் ஓடிய தண்ணீரைத் துடைக்கக்கூட இரண்டு பேருக்கும் துணிவு வரவில்லை.

திங்கட்கிழமை காலையில் கொஞ்சம் தெளிந்தாள். சுவரைப் பிடித்துக்கொண்டு நடந்தாள். நான் உண்மையிலேயே சந்தோஷப்பட்டேன். அப்போது அவள், "வெள்ளிக்கிழமைக்குள்ள எந்திரிச்சிருவேங்க. நாம ரெண்டு பேருமே மேனேஜர்கிட்டப் போவோம். நீங்க ஒண்ணும் பேச வேண்டாம், பக்கத்துல நின்னா போதும்" என்றாள். பிறகு, குளிர்ந்ததைத் தொட முடியவில்லை, சூடாக ஏதாவது குடித்தால் தேவலை என்றாள்.

அவள் சுத்தம் பண்ணும்போது ஒதுக்கிய ஈரலை நான் தனியாக எடுத்து வைத்திருந்தேன். மீதி சூப்பில் அதைப் போட்டுக் கொதிக்கவைத்து, ஊதி ஊதி நானே ஊட்டிவிட்டேன். "இத்தனை வருஷத்துல இன்னைக்குத்தான் எனக்கு ஊட்டி விட்டிருக்கீங்க" என்றாள். அவள் கண் கலங்கியிருந்தது. எனக்கும்தான்.

மத்தியானம் பேச்சு குழறியது. ஆம்புலன்ஸுக்கு நான்தான் போன் செய்தேன். வேறு யார் செய்தார்கள்? டாக்டர் என்னிடம், "என்ன மீன் சாப்பிட்டாங்க?" என்று கேட்டார். தெரியாது என்று சொன்னேன். ஐயா, இருபத்தாறு வருடத்தில் ஒரு மீனைப் பற்றித் தெரியாது என்று நான் சொன்னது அன்றைக்குத்தான். அந்த ஒரு வார்த்தை என்னைத் தூங்க விடவில்லை.

நேற்று அவளுக்குக் கொஞ்ச நேரம் நினைவு வந்தபோது நீங்கள் போய்க் கேட்டீர்கள். அவள் என்ன சொன்னாள் என்று இப்போது நீங்களே படித்துக் காட்டினீர்கள். "மீனை நான்தான் எடுத்துட்டு வந்தேன். அவருக்கு ஒண்ணும் தெரியாது. அவரே எடுத்திருந்தாலும் அவர் மேல தப்பில்லீங்க, அவருக்குக் கண்ணு சரியில்லை. அவரைத் திட்டாதீங்க." அந்தக் காகிதத்தை மூடி வைத்துவிட்டு நீங்கள் என்னிடம் மெதுவாகச் சொன்னீர்கள்: "பாருங்க, கண்ணு தெரியாம தப்பான மீனை எடுத்துட்டீங்கன்னா அது விபத்து. ஒரு கையெழுத்துப் போட்டுட்டு வீட்டுக்குப் போகலாம்."

உங்கள் நல்ல மனதுக்கு நன்றி. கதவு திறந்திருக்கிறது, எனக்குத் தெரிகிறது. ஜெயிலை நினைத்தால் எனக்குப் பயமாகத்தான் இருக்கிறது. ஆனால் அந்தக் காகிதத்தில் நான் கையெழுத்துப் போட மாட்டேன். அவள் மறுபடியும் என் சீட்டைத் திருத்தியிருக்கிறாள். படுத்த படுக்கையில், நாடி நாற்பதில் ஓடிக்கொண்டிருக்கும்போதும் திருத்தியிருக்கிறாள். இதை நான் எப்படி விடுவது?

எழுதிக்கொள்ளுங்கள். மீன் மஞ்சள்வால். மொட்டைப்பாறையில் பிடிபட்டது. ஏழு கிலோ இருக்கும். தலையும் ஈரலும் கொடுத்தேன், இரண்டு வேளை. கண் தெரியாமல் கொடுக்கவில்லை. இன்ன மீன், இன்ன விஷம், இது கொல்லும் என்று தெரிந்தே கொடுத்தேன்.

இதைச் சீக்கிரம் மூன்றாவது மாடிக்குக் கொண்டுபோங்கள். டாக்டரிடம் கொடுத்துவிட்டு, அவள் கண் திறந்தால் அவளுக்கும் வாசித்துக் காட்டுங்கள். மீனை நான் தப்பாகப் பார்த்துவிட்டேன் என்று நினைத்துத்தான் அவள் இவ்வளவு வேதனைப்படுகிறாள். தப்பில்லை என்று தெரிந்தால் அவளுக்கு நிம்மதியாக இருக்கும்.